அரசு முடிவுகளுக்கு எதிரான வழக்குகள் பயனிழப்பது எப்போது?

வளர்ச்சிப் பணிகளில் ஈடுபட்டுள்ள ஓர் அரசு நாள்தோறும் எண்ணற்ற முடிவுகளை எடுக்க வேண்டியிருக்கிறது. நிலம் கையகப்படுத்தப்படுகிறது, ஒப்பந்தப்புள்ளிகள் கோரப்படுகின்றன, உரிமங்கள் வழங்கப்படுகின்றன, ரத்தும் செய்யப்படுகின்றன. இத்தகைய முடிவினால் பாதிக்கப்பட்டவர் அரசியல் சட்டத்தின் 226-ஆவது விதியின்கீழ் உயர் நீதிமன்றத்தை நாடலாம். அடிப்படை உரிமை பறிக்கப்பட்டதாகக் கருதினால் 32-ஆவது விதியின்கீழ் உச்ச நீதிமன்றத்தையே நேரடியாக அணுகலாம். நமது குடியரசு குடிமகனுக்கு அளித்துள்ள தலையாய பாதுகாப்புகளுள் இதுவும் ஒன்று.

ஆனால், வழக்கு காத்திருக்கும்போது அரசின் முடிவு காத்திருப்பதில்லை. சாலை போட்டு முடிக்கப்படுகிறது. ஒப்பந்தக் காலம் கழிந்துவிடுகிறது. எதிர்க்கப்பட்ட உத்தரவு திரும்பப் பெறப்படுகிறது. மனுதாரர் பணியிலிருந்து ஓய்வும் பெற்றுவிடுகிறார். இறுதியில் வழக்கு விசாரணைக்கு வரும் நாளில், மனு பயனற்றதாகிவிட்டது என்ற ஒரு வரி உத்தரவுடன் கோப்பு மூடப்படுகிறது. 'இன்ஃப்ரக்சுவஸ்' என்று நீதிமன்ற வட்டாரங்களில் வழங்கும் சொல் இந்த நிலையையே குறிக்கிறது.

அந்த ஒரு வரியை அரசு அலுவலர்களில் பலர் வெற்றி என்று எண்ணுகிறார்கள்; மனுதாரர்களில் பலர் தோல்வி என்று எண்ணுகிறார்கள். இரண்டும் சரியன்று. வழக்கு பயனிழந்தது என்று நீதிமன்றம் கூறும்போது, அரசின் முடிவு சட்டப்படி சரியானது என்றோ தவறானது என்றோ அது கூறவில்லை. கேட்கப்பட்ட கேள்வி விடையின்றி நின்றுவிட்டது என்பதே அதன் பொருள். இந்த வேறுபாட்டை நிர்வாகமும் குடிமக்களும் தெளிவாக உணர்ந்திருப்பது அவசியம்.

பயனிழத்தல் என்பதன் பொருள்

நீதிமன்றம் ஒரு கருத்தரங்கு அன்று. உயிருள்ள ஒரு தகராறைத் தீர்த்து, உரியவருக்குப் பரிகாரம் வழங்குவதே அதன் பணி. பரிகாரம் வழங்க இயலாதபோது, அல்லது பரிகாரம் ஏற்கெனவே கிடைத்துவிட்டபோது, எஞ்சி நிற்பது ஏட்டளவிலான வினாவே. அத்தகைய வினாவுக்கு விடை கூறுவதில் நீதிமன்றத்தின் நேரத்தைச் செலவிடுவது, விசாரணைக்குக் காத்திருக்கும் மற்ற வழக்குகளுக்கு இழைக்கும் அநீதியாகும்.

வழக்குத் தொடரப்பட்ட பிறகு நிகழ்ந்தவற்றையும் நீதிமன்றம் கருத்தில் கொள்ளலாம் என்பதை, 1975-இல் பசுப்புலேட்டி வெங்கடேஸ்வரலு என்பவரின் வாடகை வழக்கில் உச்ச நீதிமன்றம் விளக்கியது. பின்னர் நிகழ்ந்த ஒன்றால் வழக்கின் அடிப்படையே மறைந்துவிடுமானால், அவ்வழக்கை முடித்து வைப்பது நீதிமன்றத்தின் கடமையாகும் என்பது, 2004-இல் இந்தியக் கப்பல் போக்குவரத்துக் கழகம் சம்பந்தப்பட்ட வழக்கில் தெளிவாக்கப்பட்டது.

பொதுவாக நான்கு வழிகளில் வழக்குகள் பயனிழக்கின்றன. முதலாவது, எதிர்க்கப்பட்ட முடிவை அரசே திரும்பப் பெறுவது. இரண்டாவது, அந்த முடிவின் இடத்தில் வேறொரு சட்டமோ உத்தரவோ வந்து அமர்வது. மூன்றாவது, முடிவின் ஆயுட்காலம் தானாக முடிவடைவது. நான்காவது, தடுக்கக் கோரிய செயல் திருப்ப இயலாதவாறு நிறைவேறிவிடுவது.

முதல் வகைக்கு அண்மைக்கால உதாரணம் வேளாண் சட்டங்கள். 2020-இல் இயற்றப்பட்ட மூன்று வேளாண் சட்டங்களை எதிர்த்து உச்ச நீதிமன்றத்தில் மனுக்கள் தாக்கல் செய்யப்பட்டன. 2021 ஜனவரி 12-ஆம் நாள் நீதிமன்றம் அச்சட்டங்களின் அமலாக்கத்தை நிறுத்தி வைத்தது. அதே ஆண்டு நவம்பர் 29-ஆம் நாள் நாடாளுமன்றமே அவற்றை நீக்கும் மசோதாவை நிறைவேற்றியது. சட்டங்கள் மறைந்தன, அவை அரசியல் சட்டப்படி செல்லத்தக்கவையா என்ற வினா விடை பெறாமலேயே நின்றது. வேளாண்மை பற்றிச் சட்டம் இயற்றுவதில் மத்திய, மாநில அதிகாரங்களின் எல்லை எது என்ற வாதம் மீண்டும் ஒருநாள் எழுமாயின், அதற்கு வழிகாட்டும் தீர்ப்பு எதுவும் இந்த மனுக்களிலிருந்து கிடைக்காது.

இரண்டாம் வகைக்கு வங்கிகள் நாட்டுடைமையான வரலாறு சான்றாகும். 1969 ஜூலை 19-ஆம் நாள் அவசரச் சட்டத்தின் மூலம் 14 பெரிய வர்த்தக வங்கிகள் அரசுடைமை ஆக்கப்பட்டன. அதை எதிர்த்து ஆர்.சி. கூப்பர் வழக்குத் தொடர்ந்தார். அடுத்த மாதமே நாடாளுமன்றம் அவசரச் சட்டத்தை நீக்கிவிட்டு, அதன் இடத்தில் முறையான சட்டத்தை இயற்றியது. 1970 பிப்ரவரி 10-ஆம் நாள் அளித்த தீர்ப்பில், மறைந்துபோன அவசரச் சட்டம் செல்லுமா என்ற வினாவை உச்ச நீதிமன்றம் தீர்மானிக்கவில்லை. ஆனால் வழக்கு அத்துடன் முடியவில்லை. இடத்தைப் பிடித்த சட்டத்தை நீதிமன்றம் ஆராய்ந்தது. அது செல்லாது என்று தீர்ப்பளித்தது. நான்கே நாட்களில் புதிய அவசரச் சட்டம் பிறப்பிக்கப்பட்டு, வங்கிகள் அரசிடமே நீடித்தன. இழப்பீடு வழங்கும் முறை மாற்றி அமைக்கப்பட்டது. ஒரு வழக்கின் ஒரு பகுதி பயனிழந்தாலும் மறுபகுதி உயிருடன் இருக்கக்கூடும் என்பதே இதிலிருந்து நாம் அறிவது.

முடிவு மறைந்தாலும் விளைவு நிற்கும்

உத்தரவு மறைந்துவிட்டது என்பதாலேயே அதன் விளைவும் மறைந்துவிட்டதாகக் கொள்ள இயலாது. 1897-ஆம் ஆண்டின் பொது விதிகள் சட்டத்தின் 6-ஆவது பிரிவு இதையே கூறுகிறது. ஒரு சட்டம் நீக்கப்பட்டாலும், வேறு நோக்கம் புலப்படாதவரை, அது நடைமுறையில் இருந்தபோது ஏற்பட்ட உரிமைகளும் பொறுப்புகளும் தண்டனைகளும் நீடிக்கின்றன. ஆகவே, வரிச் சட்டம் நீக்கப்பட்டாலும், அதன்கீழ் ஏற்கெனவே விதிக்கப்பட்ட வரியைப் பற்றிய வழக்கு பயனிழப்பதில்லை.

தடுப்புக் காவலை எடுத்துக்கொள்வோம். காவலில் இருந்தவர் விடுதலையான பிறகு, விடுதலை கோரும் மனுவுக்குப் பயனில்லை என்றே தோன்றும். ஆனால், 1974-ஆம் ஆண்டின் காபிபோசா சட்டப்படி ஒருவரைக் காவலில் வைக்கும் உத்தரவு, 1976-ஆம் ஆண்டின் கடத்தல்காரர் சொத்துப் பறிமுதல் சட்டத்துக்கு அடிப்படையாக அமைகிறது. காவல் உத்தரவை நீதிமன்றம் ரத்து செய்யுமானால் அந்த அடிப்படையில் பறிமுதல் நடவடிக்கை எடுக்க முடியாது. எனவே, சிறைக் கதவு திறந்த பின்னரும் வீடும் நிலமும் அந்த உத்தரவின் நிழலில் நிற்கின்றன.

அலுவலகங்களில் அன்றாடம் காணும் ஓர் உதாரணமும் உண்டு. வழக்குக் கோப்புகளைப் பல ஆண்டுகள் கையாண்டவன் என்ற முறையில் இதை நேரில் கண்டிருக்கிறேன். ஊழியர் ஒருவர் தமக்குப் பதவி உயர்வு மறுக்கப்பட்டதை எதிர்த்து வழக்குத் தொடர்ந்திருந்தார். வழக்கு விசாரணைக்கு வருமுன் அவர் ஓய்வு பெற்றுவிட்டார். 'மனுதாரர் ஓய்வு பெற்றுவிட்டதால் மனு பயனிழந்தது என்று தெரிவிக்கலாம்' என்று கோப்பில் குறிப்பு எழுதப்பட்டது. அந்தக் குறிப்பில் அன்று கையொப்பமிட்டவர்களுள் நானும் ஒருவன். இனி அவரை அந்த நாற்காலியில் அமர்த்த முடியாது என்பது உண்மையே. ஆனால் அவருடைய ஓய்வூதியம் கடைசியாகப் பெற்ற ஊதியத்தைக் கொண்டு கணக்கிடப்படுகிறது. கருத்தளவிலேனும் பதவி உயர்வு வழங்கப்பட்டிருந்தால், அவர் உயிருள்ளவரை மாதந்தோறும் பெறும் தொகை வேறாக இருந்திருக்கும். அவருக்குப் பின் குடும்ப ஓய்வூதியமும் வேறாக இருந்திருக்கும். நாங்கள் நாற்காலியை மட்டுமே பார்த்தோம். மணியார்டர் தொகையைப் பார்க்கவில்லை.

மீண்டும் மீண்டும் வரும் முடிவுகள்

சில முடிவுகளின் ஆயுள் மிகக் குறுகியது. ஒவ்வொரு முறையும் வழக்கு விசாரணைக்கு வருமுன் அவை மறைந்துவிடும். பின்னர் வேறு எண்ணுடன் மீண்டும் தோன்றும். இவற்றை எதிர்க்கும் வழக்குகளைப் பயனிழந்தவை என்று தள்ளிக்கொண்டே போனால், அம்முடிவுகள் என்றுமே நீதிமன்றத்தின் ஆய்வுக்கு உட்படமாட்டா.

பீகாரின் அவசரச் சட்டங்கள் இதற்குச் சிறந்த எடுத்துக்காட்டு. சட்டமன்றம் மீண்டும் கூடியதிலிருந்து ஆறு வாரங்கள் முடிந்ததும் ஓர் அவசரச் சட்டம் காலாவதியாக வேண்டும் என்பது அரசியல் சட்டத்தின் 213-ஆவது விதி. ஆனால் 1967 முதல் 1981 வரை பீகாரில் 256 அவசரச் சட்டங்கள் பிறப்பிக்கப்பட்டன. அவற்றுள் பல, சட்டமன்றத்தின் முன் வைக்கப்படாமலேயே மீண்டும் மீண்டும் பிறப்பிக்கப்பட்டு வந்தன. கரும்பு கொள்முதல் பற்றிய அவசரச் சட்டம் ஏறத்தாழ 14 ஆண்டுகள் இவ்வாறு உயிரோடு வைக்கப்பட்டிருந்தது.

இதை ஆராய்ந்து வெளிக்கொணர்ந்தவர் புணேயிலுள்ள கோகலே அரசியல், பொருளாதார நிலையத்தின் பேராசிரியர் டி.சி. வாத்வா. பொருளாதார அறிஞரான அவரும் வேறு சிலரும் உச்ச நீதிமன்றத்தில் வழக்குத் தொடர்ந்தபோது, எதிர்க்கப்பட்ட மூன்று அவசரச் சட்டங்களுள் இரண்டு காலாவதியாகி அவற்றின் விதிகள் முறையான சட்டங்களாகிவிட்டன என்றும், மூன்றாவதற்கும் மசோதா கொண்டுவரப்பட்டிருக்கிறது என்றும் மாநில அரசு வாதிட்டது. ஆகவே பொது வினாவை ஆராயத் தேவையில்லை என்பது அதன் நிலை. 1986 டிசம்பர் 20-ஆம் நாள் ஐந்து நீதிபதிகள் கொண்ட அமர்வு அந்த வாதத்தை ஏற்க மறுத்தது. இந்த வழக்கத்தை ஆராயாமல் விட்டால் அது தொடரும் என்பதை உணர்ந்து, சட்டமன்றத்தை ஒதுக்கிவிட்டு அவசரச் சட்டங்களால் ஆள்வது அரசியல் சட்டத்துக்கு இழைக்கும் மோசடி என்று தீர்ப்பளித்தது. பேராசிரியரின் ஆராய்ச்சி முயற்சியைப் பாராட்டி அவருக்கு 10,000 ரூபாய் செலவுத்தொகை வழங்குமாறும் ஆணையிட்டது.

அதே மாநிலத்தைச் சேர்ந்த மற்றொரு வழக்கு, மறைந்த சட்டம் எத்தனை ஆண்டுகள் மக்கள் வாழ்வைத் தொடர்ந்து வரக்கூடும் என்பதைக் காட்டுகிறது. 1989-இல் பிறப்பித்த அவசரச் சட்டத்தின் மூலம் 429 தனியார் சமஸ்கிருதப் பள்ளிகளைப் பீகார் அரசு ஏற்றது. அடுத்தடுத்துப் பிறப்பிக்கப்பட்ட அவசரச் சட்டங்களுள் கடைசியானது 1992-இல் காலாவதியாயிற்று. தாங்கள் அரசு ஊழியர்களா, அல்லரா என்பதே ஆசிரியர்களின் கேள்வி. கால் நூற்றாண்டுக்குப் பின், 2017 ஜனவரி 2-ஆம் நாள், கிருஷ்ண குமார் சிங் வழக்கில் ஏழு நீதிபதிகள் கொண்ட அமர்வு விடை கூறியது. அந்த அவசரச் சட்டங்கள் நிலையான உரிமை எதையும் ஆசிரியர்களுக்கு அளிக்கவில்லை. ஆனால் ஏற்கெனவே வழங்கப்பட்ட சம்பளத்தை அவர்களிடமிருந்து திரும்ப வசூலிக்கக் கூடாது என்பதே தீர்ப்பு. சட்டம் மறைந்தவுடன் வழக்கும் மறைந்ததாகக் கருதப்பட்டிருந்தால், இந்தப் பாதுகாப்பு அவர்களுக்குக் கிடைத்திருக்காது.

காலம் கடந்து வந்த தீர்ப்புகள்

நான்காம் வகையே மிகவும் கடினமானது. செயல் நிறைவேறிவிட்டது; அதைத் திருப்ப இயலாது. அப்போது நீதிமன்றம் என்ன செய்யலாம்?

1989 ஏப்ரலில் கர்நாடகத்தில் எஸ்.ஆர். பொம்மை தலைமையிலான அரசு கலைக்கப்பட்டது. உச்ச நீதிமன்றத்தின் ஒன்பது நீதிபதிகள் 1994 மார்ச் 11-ஆம் நாள் தீர்ப்பளித்தபோது ஏறத்தாழ ஐந்தாண்டுகள் கழிந்திருந்தன. கர்நாடகம், நாகாலாந்து, மேகாலயா ஆகிய மாநிலங்களில் குடியரசுத் தலைவர் ஆட்சியைப் பிரகடனம் செய்தது அரசியல் சட்டத்துக்கு முரணானது என்று நீதிமன்றம் கண்டது. ஆனால் அங்கெல்லாம் தேர்தல்கள் நடந்து புதிய சட்டமன்றங்கள் அமைந்துவிட்டன. ஆகவே, பழைய அரசுகளை மீண்டும் அமர்த்த இயலவில்லை.

எனினும் அத்தீர்ப்பு பயனற்றதாகிவிடவில்லை. வருங்காலத்தில் இத்தகைய வழக்கு பயனிழந்து போகாதபடி, தேவையானால் புதிய தேர்தலை நிறுத்தி வைக்கவும், கலைக்கப்பட்ட அரசையும் சட்டமன்றத்தையும் மீட்டமைக்கவும் நீதிமன்றத்துக்கு அதிகாரம் உண்டு என்று அது நிலைநாட்டியது. 2005 மே மாதத்தில் பீகார் சட்டமன்றம் கலைக்கப்பட்டதும் சட்டவிரோதமானது என்று அதே ஆண்டு அக்டோபரில் உச்ச நீதிமன்றம் கூறியது. ஆயினும் தேர்தல் பணிகள் நடைபெற்று வந்தமையால் அச்சட்டமன்றத்தை மீட்கவில்லை. 2016 ஜூலை 13-ஆம் நாள் அருணாசலப் பிரதேச வழக்கில் நிலைமை மாறியது. அதற்குள் வேறோர் அரசு பதவியேற்றிருந்தபோதிலும், 2015 டிசம்பர் 15-ஆம் நாள் இருந்த நிலையையே மீட்குமாறு நீதிமன்றம் உத்தரவிட்டது. 1994-இல் தனக்குப் பரிகாரம் தராத ஒரு தீர்ப்பு, 22 ஆண்டுகளுக்குப் பின் வேறொருவருக்குப் பரிகாரம் தந்தது.

பொருளாதாரத் துறையில் இதே சிக்கல் பெருமளவில் எழுந்தது பணமதிப்பிழப்பு வழக்கில்தான். 2016 நவம்பர் 8-ஆம் நாள் 500, 1,000 ரூபாய் நோட்டுகள் செல்லாதவை என்று அறிவிக்கப்பட்டன. மதிப்பின் அடிப்படையில், புழக்கத்திலிருந்த பணத்தில் சுமார் 86 சதவீதம் அவையே. அதே ஆண்டு டிசம்பர் 16-ஆம் நாள் வழக்கு அரசியல் சட்ட அமர்வுக்கு அனுப்பப்பட்டது. தீர்ப்பு வந்தது 2023 ஜனவரி 2-ஆம் நாள். இடைப்பட்ட காலத்தில் பழைய நோட்டுகளில் 99 சதவீதத்துக்கு மேல் வங்கிகளுக்குத் திரும்பிவிட்டன. இனி இது ஏட்டளவு வினாவே என்று அரசுத் தரப்பில் கூறப்பட்டது. நீதிமன்றமோ ஆராயவே முடிவு செய்தது. நான்கு நீதிபதிகள் முடிவெடுத்த முறை செல்லத்தக்கது என்றனர். நீதிபதி பி.வி. நாகரத்னா மட்டும், அது சட்டத்துக்கு ஏற்ற முறையன்று என்று மாறுபட்டார். ஆனால் அவரும், நடந்து முடிந்ததை மாற்ற இயலாது என்பதால் தமது கருத்து வருங்காலத்துக்கே பொருந்தும் என்றார்.

வங்கி வாசல்களில் வரிசையில் நின்ற மக்களின் நேரத்தை எந்தத் தீர்ப்பாலும் திருப்பித் தர இயலாது. எனினும், நாணயம் பற்றிய இத்தகைய முடிவு எந்தச் சட்டப் பிரிவின்கீழ், யாருடைய பரிந்துரையின் பேரில் எடுக்கப்பட வேண்டும் என்ற வினாவுக்கு இன்று ஒரு விடை உண்டு. வழக்கை ஏட்டளவானது என்று தள்ளியிருந்தால் அதுவும் இருந்திராது.

இடைக்கால உத்தரவின் இருமுனைகள்

வழக்கு பயனிழக்காமல் காக்கும் கருவி இடைக்காலத் தடையுத்தரவே. ஆனால் அதற்கும் விலை உண்டு. ஓர் அணையோ மின்நிலையமோ ஓராண்டு நின்றால், முடங்கிய மூலதனத்துக்கு வட்டி ஏறுகிறது. கட்டுமானச் செலவு உயர்கிறது. பயன்பெற வேண்டிய மக்கள் காத்திருக்கிறார்கள். இதைக் கருதியே, 2018-இல் குறித்த பரிகாரச் சட்டம் திருத்தப்பட்டு, உள்கட்டமைப்புத் திட்ட ஒப்பந்தங்கள் தொடர்பான வழக்குகளில் திட்டத்தைத் தாமதப்படுத்தும் தடையுத்தரவுகள் வழங்குவது விலக்கப்பட்டது. திட்டம் நிற்காது என்றால், பாதிக்கப்பட்டவருக்குப் பணமாகக் கிடைக்கும் இழப்பீடே முக்கியப் பரிகாரமாகிறது. ஆகவே, அந்த இழப்பீட்டைக் காலத்தில் வழங்க வேண்டிய பொறுப்பு அரசுக்குக் கூடுகிறது.

தடையுத்தரவு பெற்றவருக்கும் பொறுப்பு உண்டு. நிலக்கரி ராயல்டி பற்றிய வழக்கொன்றில், இடைக்கால உத்தரவினால் ஒருவர் அடைந்த ஆதாயத்தை, இறுதியில் அவர் தோற்றால் வட்டியுடன் ஈடுசெய்ய வேண்டும் என்று 2003-இல் உச்ச நீதிமன்றம் கூறியது. மனு பயனிழந்ததாகத் தள்ளப்படும்போது இடைக்கால உத்தரவும் உடன் மறைகிறது. அதன் பலனைத் தொடர்ந்து அனுபவிக்க இயலாது என்று 2010-இல் மற்றொரு வழக்கில் விளக்கப்பட்டது. வழக்கு நிலுவையில் இருந்தது என்பதே எவருக்கும் ஆதாயமாகிவிடக் கூடாது என்பது இத்தீர்ப்புகளின் கருத்து.

செய்ய வேண்டியவை

வழக்குத் தொடர்பவர் தொடக்கத்திலேயே சிலவற்றைக் கவனிக்க வேண்டும். உத்தரவை ரத்து செய்யுமாறு மட்டும் கோராமல், அது சட்டவிரோதமானது என்ற அறிவிப்பையும், இழப்பீட்டையும், செலுத்திய தொகையைத் திரும்பப் பெறுவதையும் சேர்த்துக் கோருவது நல்லது. பழைய உத்தரவின் இடத்தில் புதியது வந்தால் மனுவைத் தாமதமின்றித் திருத்த வேண்டும். வழக்கு பயனிழந்ததாக முடிக்கப்படும்போது, அதே முடிவு மீண்டும் எடுக்கப்பட்டால் நீதிமன்றத்தை அணுகும் உரிமையைக் கேட்டுப் பதிவு செய்துகொள்ள வேண்டும்.

அரசு அலுவலர், மனு பயனிழந்தது என்று கோப்பில் எழுதுமுன் நான்கு கேள்விகளைத் தம்மையே கேட்டுக்கொள்ள வேண்டும். இந்த முடிவினால் எவருடைய பணமாவது அரசிடம் நிற்கிறதா? எவருடைய பெயரிலாவது களங்கம் நிற்கிறதா? எவருடைய ஓய்வூதியமோ, உரிமமோ, சொத்தோ இதனால் இன்னும் பாதிக்கப்பட்டுள்ளதா? இதே முடிவை நாளை நாமே மீண்டும் எடுக்கப் போகிறோமா? இவற்றுள் ஒன்றுக்கேனும் ஆம் என்பது விடையானால், வழக்கு பயனிழக்கவில்லை. அதை அப்படியே நீதிமன்றத்தில் தெரிவிப்பதே நேர்மை.

ஒரு திட்டத்தின் வெற்றியை, அது முடிந்த நாளைக் கொண்டு மட்டும் நாம் அளப்பதில்லை. அதனால் பயனடைந்தவர்களையும் இழந்தவர்களையும் கணக்கில் கொள்கிறோம். அரசு முடிவுகளைப் பற்றிய வழக்குகளுக்கும் அந்த அளவுகோலே பொருந்தும். காலம் கடந்ததால் முடிந்துபோன வழக்கு, கணக்கு முடிந்த வழக்கு ஆகாது. கணக்கில் எவருக்கேனும் பாக்கி இருக்கிறதா என்று பார்த்த பின்னரே கோப்பை மூட வேண்டும்.